கேஸை அமுக்குவதும் ஆளை அமுக்குவதும்

(ஒரு நூலக வாசகர் வட்டத்தில் ஆற்றிய உரை. பேச்சின் போக்கு மாறாமல் அச்சுக்காகச் சற்றே திருத்தப்பட்டது.)



'அருகிவரும் ஓர் ஆங்கில வினைச்சொல்' என்று வாசலில் எழுதிப் போட்டிருக்கிறார்கள். அதைப் படித்த பிறகும் இத்தனை பேர் உள்ளே வந்திருக்கிறீர்கள். வெளியே மழை பெய்வதும் ஒரு காரணமாக இருக்கலாம். குடை கொண்டுவராதவர்களுக்கு என் தனி நன்றி.

அந்தச் சொல் 'பர்க்'. லண்டனில் போய் இன்று இதை வினைச்சொல்லாகப் பயன்படுத்திப் பாருங்கள், பெரும்பாலானவர்கள் விழிப்பார்கள். அகராதியில் இருக்கிறது, வாயில் இல்லை. பிறந்த ஊரில் செத்துப்போன இந்தச் சொல் நம் நாட்டில் இரண்டு இடங்களில் மட்டும் உயிரோடு இருக்கிறது. ஒன்று மருத்துவக் கல்லூரி. இன்னொன்று காவல்துறை. அது எப்படி என்று சொல்லத்தான் வந்திருக்கிறேன்.

முதலில் என் அறியாமையைச் சொல்லிவிடுகிறேன். கல்லூரி நாட்களில் பழைய ஆங்கில நாளிதழ் ஒன்றின் தலையங்கத்தில் இந்தச் சொல்லைப் பார்த்தேன். அரசாங்கம் ஒரு விசாரணையை 'பர்க்' செய்துவிட்டது என்று இருந்தது. எங்களுக்குப் பாடத்தில் இருந்த ஒரே பர்க், எட்மண்ட் பர்க். மணிக்கணக்கில் பேசக்கூடியவர். ஆகவே நான் என்ன முடிவுக்கு வந்தேன் என்றால், விசாரணையை நீட்டி முழக்கிப் பேசியே இழுத்தடித்துவிட்டார்கள் போல என்று. பொருள் ஏறத்தாழப் பொருந்தியும் விட்டது. தப்பான பொருள் பொருந்திவிட்டால் அதைவிட ஆபத்து வேறில்லை, அகராதியைத் திறக்கவே தோன்றாது. வாத்தியாரான பிறகு பல ஆண்டுகள் மாணவர்களுக்கும் அப்படியே சொல்லிக்கொடுத்தேன். அவர்களில் ஒருவர் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருக்கிறார். தம்பி, அந்தக் குறிப்பை அடித்துவிடுங்கள்.

எட்மண்ட் பர்க்குக்கு நான் செய்தது பெரிய அநியாயம். 1785 பிப்ரவரி 28 அன்று பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் அவர் ஆற்றிய புகழ்பெற்ற உரை எதைப் பற்றியது தெரியுமா? நம் ஆற்காட்டு நவாப் முகமது அலியின் கடன்களைப் பற்றியது. கம்பெனி உத்தியோகஸ்தர்களே நவாபுக்கு வட்டிக்குக் கொடுத்ததாகக் கணக்குக் காட்டி, நவாபின் சீமையான கர்நாடகத்து வரிப்பணத்திலிருந்து அதை வசூலிக்கப் பார்த்தார்கள். அந்தக் கணக்குகள் உண்மைதானா என்று விசாரிக்காமலே பணம் கொடுக்க லண்டன் முடிவு செய்தது. ஏடுகளை எடுத்து மேசைமேல் வையுங்கள் என்று கேட்டார் பர்க். தீர்மானம் தோற்றது. ஆக, விசாரணையை அமுக்கக் கூடாது என்று தொண்டை கிழியக் கத்திய பர்க் ஒருவர். விசாரணையை அமுக்குவதற்குத் தன் பெயரைக் கொடுத்த பர்க் வேறொருவன். இருவரும் அயர்லாந்தில் பிறந்தவர்கள், பெயர் ஒற்றுமையைத் தவிர வேறு உறவு கிடையாது.

அந்த வேறொருவன் வில்லியம் பர்க். 1792-இல் பிறந்தவன். ஸ்காட்லாந்தில் யூனியன் கால்வாய் வெட்டிய காலத்தில் மண் வெட்டப் போனான். பிறகு செருப்புத் தைத்தான். எடின்பரோ நகரத்தின் வெஸ்ட் போர்ட் பகுதியில், டேனர்ஸ் குளோஸ் என்ற சந்தில், வில்லியம் ஹேர் என்ற இன்னொரு அயர்லாந்துக்காரனின் விடுதிக்குக் குடிவந்தான். விடுதி என்றால் பெரிதாக நினைக்காதீர்கள். ஒரு இரவுக்குச் சில காசு கொடுத்து, முன்பின் தெரியாதவர்களோடு ஒரே கட்டிலில் படுத்துக்கொள்ளும் இடம்.

1827 நவம்பர் கடைசியில் அந்த விடுதியில் டொனால்ட் என்ற கிழவர் நீர்க்கோவை கண்டு இறந்துபோனார். ஓய்வூதியம் வாங்கும் பழைய சிப்பாய். அடுத்த தவணை வருவதற்குள் போய்விட்டார். ஹேருக்கு அவர் தரவேண்டிய வாடகை பாக்கி 4 பவுண்டு. செத்தவனிடம் எப்படி வசூலிப்பது? இரண்டு பேரும் யோசித்தார்கள். சவப்பெட்டியைத் திறந்து உடலை எடுத்து ஒளித்துவிட்டு, தோல் பதனிடும் மரப்பட்டையை எடைக்கு நிரப்பிப் புதைக்க அனுப்பினார்கள். உடலை சர்ஜன்ஸ் ஸ்கொயர் பத்தாம் எண் கட்டடத்தில் உடற்கூறு கற்பித்துக்கொண்டிருந்த டாக்டர் ராபர்ட் நாக்ஸிடம் கொண்டுபோனார்கள். கிடைத்தது 7 பவுண்டு 10 ஷில்லிங். பாக்கியும் வசூலானது, மேற்கொண்டு லாபமும் வந்தது.

இங்கே கொஞ்சம் நிற்க வேண்டும். அன்று எடின்பரோ மருத்துவப் படிப்புக்குப் பேர்போன ஊர். நாக்ஸின் வகுப்பில் மட்டும் 400-க்கு மேல் மாணவர்கள். அறுத்துப் படிக்க உடல் வேண்டும். சட்டப்படி கிடைப்பதோ பெரும்பாலும் தூக்கிலிடப்பட்டவர்களின் உடல். அது எந்த மூலைக்குப் போதும்? ஆகவே புதைத்த குழியை இரவில் தோண்டி விற்பதே ஒரு தொழிலாகியிருந்தது. உறவினர்கள் சமாதிமேல் இரும்புக் கூண்டு போட்டார்கள். கல்லறைத் தோட்டங்களில் காவல் கோபுரம் கட்டினார்கள். ஸ்காட்லாந்தில் இன்றைக்கும் அவற்றைப் பார்க்கலாம். பர்க்கும் ஹேரும் குழி தோண்டியவர்கள் என்று பலர் நினைக்கிறார்கள். அவர்கள் ஒரு குழியைக்கூடத் தோண்டவில்லை. தோண்டுவது கஷ்டமான வேலை, காவல் வேறு. புதைக்கும் வரை ஏன் காத்திருக்க வேண்டும்? சாகும் வரைதான் ஏன் காத்திருக்க வேண்டும்?

அடுத்த ஆண்டில் 16 பேரைக் கொன்றார்கள். பெரும்பாலோர் பெண்கள். ஊரில் தேட ஆளில்லாதவர்கள், வழிப்போக்கர்கள், குப்பை பொறுக்குகிறவர்கள், ஒரு பாட்டியும் அவளுடைய பேரனும். முறை பெரும்பாலும் ஒன்றேதான். முதலில் உபசாரம். வா அம்மா, உட்கார், குளிராக இருக்கிறதே, கொஞ்சம் விஸ்கி சாப்பிடு. தள்ளாடும் அளவுக்குக் குடித்ததும் ஒருவன் நெஞ்சின்மேல் ஏறிப் படுத்துக்கொள்வான். மற்றவன் மூக்கையும் வாயையும் உள்ளங்கையால் பொத்திக்கொள்வான். சில நிமிடங்கள், அவ்வளவுதான். கத்தி இல்லை, விஷம் இல்லை, கழுத்தில் கயிற்றுத் தடம் இல்லை. காயம் பட்டால் சரக்கு கெட்டுப்போகும் அல்லவா? டாக்டருக்கு வேண்டியது பழுதில்லாத உடல். குளிர்காலத்தில் 10 பவுண்டு, கோடையில் 8.

அந்த முறையின் உயிர்நாடி கொல்வது அல்ல, தடம் விடாமல் கொல்வது. இதை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் வினைச்சொல்லுக்கு வரும்போது வேண்டும்.

கடைசிப் பலி 1828 அக்டோபர் 31 இரவு. டாக்கர்ட்டி என்ற முதிய அயர்லாந்துக்காரி. ஒரு கடையில் அவளைப் பார்த்த பர்க், 'எங்கம்மாவும் டாக்கர்ட்டிதான், அந்தப் பக்கத்து ஊர்தான்' என்று உறவு சொல்லி, அப்போது வேறாகக் குடியிருந்த தன் வீட்டுக்கு அழைத்துவந்தான். வீட்டில் தங்கியிருந்த கிரே தம்பதியை அன்று இரவு ஹேரின் விடுதிக்கு அனுப்பிவிட்டார்கள். மறுநாள் திரும்பிவந்த ஆன் கிரே, விட்டுப்போன காலுறையைத் தேடிக் கட்டில் பக்கம் போனபோது, அங்கே போகாதே என்று பர்க் அதட்டினான். அதட்டாமல் இருந்திருந்தால் அவள் காலுறையை எடுத்துக்கொண்டு போயிருப்பாள். சந்தேகம் வந்து, ஆளில்லாத நேரம் பார்த்து வைக்கோலை விலக்கினாள். கிழவியின் உடல். வாயைத் திறக்காமல் இருந்தால் வாரம் 10 பவுண்டு வரும் என்று பர்க்கின் துணைவி கெஞ்சினாள். கிரே தம்பதி ஒரு இரவு படுக்கைக்கே அடுத்தவரை அண்டியிருந்தவர்கள். அவர்களுக்கு அது கனவிலும் பார்க்காத தொகை. மாட்டோம் என்று சொல்லிவிட்டுப் போலீசுக்குப் போனார்கள். என்னைக் கேட்டால், இந்தக் கதையில் பெயர் நிலைத்திருக்க வேண்டியவர்கள் அவர்கள்தான். நிலைத்தது கொலைகாரன் பெயர்.

வழக்கு நடந்தது அந்த ஆண்டு கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாள். இரவெல்லாம் நடந்து, கிறிஸ்துமஸ் அன்று காலையில் தீர்ப்பு. ஆனால் அரசுத் தரப்புக்கு ஒரு பெரிய சிக்கல் இருந்தது. உடலைப் பரிசோதித்தவர்களில் ராபர்ட் கிறிஸ்டிசன் போன்ற பெரிய நிபுணர் இருந்தும், இது கொலைதான் என்று அடித்துச் சொல்ல முடியவில்லை. மூச்சுத் திணறல் போலத் தெரிகிறது, அதற்குமேல் சொல்வதற்கில்லை. தடம் இல்லையே! வேறு வழியில்லாமல் ஹேரை அப்ரூவர் ஆக்கினார்கள். அவன் சாட்சி சொல்லித் தப்பினான். பர்க் தூக்குமேடைக்குப் போனான். துணைவியின் மீதான குற்றம் 'மெய்ப்பிக்கப்படவில்லை' என்று அன்று ஸ்காட்லாந்துக்கே உரியதாயிருந்த ஒரு தீர்ப்பு. டாக்டர் நாக்ஸ் மீது வழக்கே இல்லை. ஜனங்கள் அவர் கொடும்பாவியைக் கொளுத்தியதோடு சரி.

1829 ஜனவரி 28, தூக்கு. மழையையும் பொருட்படுத்தாமல் பெருங்கூட்டம் கூடியது. சுற்றியிருந்த வீடுகளின் ஜன்னல்களை வாடகைக்கு விட்டார்கள். வினைச்சொல் மேடையேறுவது இங்கேதான். அவனுக்குக் கயிறு எதற்கு, அவனையும் பர்க் பண்ணுங்கள் என்ற பொருள்பட ஜனங்கள் கூவியதாக லண்டன் டைம்ஸ் பிப்ரவரி தொடக்கத்தில் செய்தி போட்டது. அகராதிக்காரர்கள் இந்தச் சொல்லுக்குக் காட்டும் முதல் சான்றுகளில் ஒன்று அது. யோசித்துப் பாருங்கள். பெயருக்குச் சொந்தக்காரன் மேடைமேல் உயிரோடு நிற்கிறான். அவன் காதில் விழும்படி அவன் பெயர் வினைச்சொல்லாகிவிட்டது. மொழி வரலாற்றில் இப்படி ஒரு பாக்கியம் யாருக்குக் கிடைக்கும்?

தண்டனையில் இன்னொரு பகுதியும் உண்டு. உடலை அறுத்துப் பாடம் நடத்த வேண்டும். அப்படியே நடத்தினார்கள். எலும்புக்கூடு எடின்பரோ பல்கலைக்கழகத்தின் உடற்கூறு அருங்காட்சியகத்தில் இன்றும் நிற்கிறது. அவன் தோலால் அட்டை போட்ட சிறிய குறிப்பேடு ஒன்று சர்ஜன்ஸ் ஹால் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. பிணத்தை விற்றவனுக்கு இது தேவைதான் என்று சொல்லத் தோன்றுகிறது. எனக்கும் தோன்றுகிறது. ஆனால் குறிப்பேடு செய்தவன் கை எப்படிப்பட்ட கை என்றும் தோன்றாமல் இல்லை.

ஹேர் என்ன ஆனான்? விடுதலையாகி எல்லை தாண்டி, இங்கிலாந்துப் பக்கம் நடந்துபோனதோடு வரலாற்றிலிருந்து மறைந்துவிட்டான். அவன் பெயர் ஏன் வினைச்சொல்லாகவில்லை என்று கேட்பீர்கள். ஆங்கிலத்தில் 'ஹேர்' என்றும் ஒரு வினை உண்டு. முயலை வைத்து வந்தது, தலைதெறிக்க ஓடுவது என்று பொருள். அந்த முயலுக்கும் இவனுக்கும் சம்பந்தமில்லை. ஆனாலும் ஒருவன் அமுக்குவதற்கும் ஒருவன் ஓடுவதற்கும் பெயர் பொருந்தி அமைந்துவிட்டது.

ஆளின் பெயர் வினையாவது ஆங்கிலத்தில் புதிதில்லை. 1880-இல் அயர்லாந்தில் குத்தகைக்காரர்கள் ஒதுக்கிவைத்த காப்டன் பாய்காட்டின் பெயரை நாம் இன்றும் ஊர்வலத்தில் சொல்கிறோம். பாய்காட் உலகமெல்லாம் சுற்றியது, பர்க் சுற்றவில்லை. காரணம் எனக்கு இப்படிப் படுகிறது. பாய்காட் செய்கிறவர்கள் தாங்கள் செய்வதை உரக்கச் சொல்ல வேண்டும், சொன்னால்தான் அது பாய்காட். பர்க் செய்கிறவர்கள் வாயைத் திறக்கவே கூடாது. செய்கிறவனே சொல்லாத சொல் எப்படிப் பரவும்?

இனி சொல்லின் பயணத்துக்கு வருவோம். முதலில் அதன் செயப்படுபொருள் மனிதன். பர்க் செய்வது என்றால் மூச்சை அடைத்துக் கொல்வது, கொன்று விற்பது. 1831-இல் லண்டனில் ஒரு கும்பல் இதே வேலையைச் செய்து பிடிபட்டபோது, அவர்கள் ஊர் வேறு, முறையும் வேறு, ஆனாலும் 'லண்டன் பர்க்கர்கள்' என்றே பெயர். அந்தப் பீதியில்தான் 1832-இல் உடற்கூறு சட்டம் வந்தது. கேட்பாரற்று இறக்கும் ஏழைகளின் உடல்களை மருத்துவப் பள்ளிகளுக்குக் கொடுக்கலாம் என்றது. அதற்குப் பிறகு கொலை செய்ய அவசியமில்லை, ஏழையாகச் செத்தால் போதும். ஐந்தாறு ஆண்டுகளில் டிக்கன்ஸ் எழுதிய பிக்விக் பேப்பர்ஸ் நாவலில், காணாமல்போன ஒரு கடைக்காரரைப் பற்றிய கதையைக் கேட்கும் பிக்விக், அவரை பர்க் செய்துவிட்டார்களா என்று பதறிக் கேட்கிறார். விளக்கம் எதுவும் டிக்கன்ஸ் தரவில்லை. வாசகருக்குத் தெரியும்.

பீதி அடங்கியதும் செயப்படுபொருள் மாறுகிறது. மனிதன் இருந்த இடத்தில் விவாதம், தீர்மானம், அறிக்கை, விசாரணை எல்லாம் வந்து உட்கார்கின்றன. கேள்வியை பர்க் செய்தார்கள், புத்தகத்தை வெளிவருமுன்பே பர்க் செய்தார்கள். பிறகு இன்னும் நீர்த்துப்போய், ஒரு விஷயத்தை எதிர்கொள்ளாமல் தட்டிக்கழிப்பது என்ற பொருளும் சேர்ந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் நாடாளுமன்ற ஆங்கிலம் அது. சொன்னவர்களுக்கு நெஞ்சின்மேல் படுத்தவனின் நினைவு இருந்திருக்காது. நாம் மட்டும் என்ன, 'கழுத்தறுப்பு' என்று சொல்லும்போது கத்தியை நினைக்கிறோமா?

இந்த இரண்டாம் பொருளைத் தமிழில் எப்படிச் சொல்வது? நான் கொஞ்ச காலம் மொழிபெயர்ப்பும் செய்தவன் என்பதால் இதில் எனக்குத் தனி ருசி. 'தடைசெய்தார்கள்' என்று எழுதினால் தப்பு. தடைக்கு ஓர் ஆணை இருக்கும், அடியில் கையெழுத்து இருக்கும், அதைக் காட்டிக் கோர்ட்டுக்குப் போகலாம். 'தணிக்கை' என்றாலும் தப்பு, அதற்கு முத்திரை உண்டு. 'இருட்டடிப்பு' பரவாயில்லை, ஆனால் அது செய்தித்தாளுக்கும் வானொலிக்கும் பொருந்தும். 'கிடப்பில் போட்டார்கள்' என்றால் கோப்பு இன்னும் அலமாரியில் உயிரோடு இருக்கிறது, ஆட்சி மாறினால் தூசி தட்டலாம். 'ஊத்தி மூடிட்டாங்க' என்பதில் கொஞ்சம் சத்தம் இருக்கிறது. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பதோ மறைக்க முடியாததை மறைப்பது. பர்க் அப்படியில்லை, மறைத்துக் காட்டிவிடுவான்.

மிச்சமிருப்பது 'அமுக்கு'. எனக்கு இதுதான் பிடித்தது. கையின் பாரம் அதில் இருக்கிறது, சத்தமில்லாமை இருக்கிறது. தூக்கத்தில் நெஞ்சின்மேல் ஏறி உட்கார்ந்து மூச்சு முட்டவைக்கும் பேய்க்கு நம் கிராமத்தில் என்ன பெயர்? அமுக்குவான் பேய். எடின்பரோவுக்குப் போகாமலே நம்மவர்கள் பர்க்கைப் பார்த்திருக்கிறார்கள்! அதே சொல்லைத்தான் 'கேஸை அமுக்கிட்டாங்க' என்றும் சொல்கிறோம். கொலையிலிருந்து விசாரணைக்கு ஆங்கிலம் பல ஆண்டுகள் நடந்து கடந்த தூரத்தைத் தமிழ் ஒரே சொல்லுக்குள் வைத்திருக்கிறது.

ஆனால் அமுக்கு என்ற சொல்லை நம்பிக் கையை வைத்துவிட முடியாது. காலை அமுக்கிவிடு என்றால் சேவை. பணத்தை அமுக்கிட்டான் என்றால் திருட்டு. இன்னொன்று சொல்கிறேன், கவனியுங்கள். 'போலீஸ் ஆளை அமுக்கிருச்சு' என்றால் குற்றவாளி பிடிபட்டான். 'போலீஸ் கேஸை அமுக்கிருச்சு' என்றால் குற்றவாளி தப்பினான். எழுவாய் அதே போலீஸ், பயனிலை அதே அமுக்கு. நடுவில் ஒரு சொல்தான் மாறியது, நியாயம் தலைகீழாகிவிட்டது. இதை முப்பது ஆண்டு இலக்கண வகுப்பில் எந்தப் பாடப்புத்தகமும் எனக்குச் சொல்லவில்லை, டீக்கடையில்தான் கேட்டேன்.

மருத்துவக் கல்லூரிக்கு வருகிறேன். என் தங்கை மகள் எம்.பி.பி.எஸ். படித்துக்கொண்டிருந்தபோது ஒருநாள் சாப்பாட்டுக்கு நடுவே, "மாமா, உங்களுக்கு பர்க்கிங் தெரியுமா?" என்றாள். வண்டி நிறுத்தும் இடத்தைக் கேட்கிறாள் என்று நினைத்தேன். "அது இல்ல மாமா, ஒருத்தன் நெஞ்சு மேல உட்காரணும், இன்னொருத்தன் மூக்கையும் வாயையும் பொத்தணும். ஃபாரன்சிக்ல வருது." தங்கை, "சோத்துல கை வச்சுக்கிட்டு என்னடி பேச்சு இது" என்று அதட்டினாள். நம் சட்ட மருத்துவப் பாடநூல்களில், மூச்சடைப்பு மரணங்களைப் பற்றிய அதிகாரத்தில், தூக்கு, கழுத்து நெரிப்பு, நீரில் மூழ்குதல் ஆகியவற்றோடு பர்க்கிங்கும் இன்றுவரை இருக்கிறது. நெஞ்சின்மேல் பாரம், மூச்சு வழியில் அடைப்பு, இரண்டும் சேர்ந்தால் அந்தப் பெயர். எட்மண்ட் பர்க் என்று நான் சொல்லிக்கொடுத்துவந்தது பொய் என்று எனக்குத் தெரிந்தது அந்தச் சாப்பாட்டு மேசையில்தான்.

காவல்துறையில் இந்தச் சொல்லுக்கு வேறு வேலை. வந்த புகாரை வழக்காகப் பதியாமல் விடுவது, அல்லது பெரிய குற்றத்தைச் சின்னக் குற்றமாக எழுதுவது, இதற்குப் பெயர் பர்க்கிங். என்னிடம் படித்து இன்ஸ்பெக்டரான ஒருவரைக் கேட்டேன். அவர் ஒளிக்காமல் சொன்னார். "சார், மாசாமாசம் கிரைம் மீட்டிங் இருக்கும். போன வருஷம் இதே மாசம் எத்தனை, இந்த வருஷம் எத்தனைன்னு கேப்பாங்க. கூடியிருந்தா நிக்க வச்சு வாங்குவாங்க. திருடன் குறையணும்னா ராத்திரி ரோந்து போகணும். எஃப்.ஐ.ஆர். குறையணும்னா பேனாவ மூடி வச்சா போதும்." இதைவிடத் தெளிவாக இதுவரை எனக்கு யாரும் விளக்கியதில்லை. எண்ணிக்கையை வைத்து ஆளை எடைபோட்டால், ஆள் எண்ணிக்கையைத்தான் கவனிப்பான்.

உச்ச நீதிமன்றமே இந்தச் சொல்லைப் பயன்படுத்தியிருக்கிறது. உத்தரப் பிரதேசத்தில் காணாமல்போன ஒரு சிறுமியின் தந்தை கொடுத்த புகாரைப் போலீசார் உடனே பதியாததால் எழுந்த வழக்கு, லலிதா குமாரி வழக்கு. 2013 நவம்பர் 12 அன்று ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு தீர்ப்பளித்தது. எழுதியவர் அன்றைய தலைமை நீதிபதி பி. சதாசிவம், நம் ஈரோடு மாவட்டத்துக்காரர். பிடியாணை இல்லாமலே கைது செய்யத்தக்க குற்றம் நடந்ததாகத் தகவல் வந்தால் முதல் தகவல் அறிக்கை பதிந்தே ஆக வேண்டும், அதிகாரியின் விருப்பம் அல்ல என்பது தீர்ப்பின் சாரம். குடும்பத் தகராறு, வணிகத் தகராறு, மருத்துவக் கவனக்குறைவு போன்ற சிலவற்றில் மட்டும் முதலில் விசாரித்துப் பார்க்கலாம். 2012-இல் நாட்டில் பதிவானவை சுமார் 60 லட்சம் என்றால், பர்க் ஆனவையும் ஏறக்குறைய அதே அளவு இருக்கலாம் என்று அந்தத் தீர்ப்பு மதிப்பிடுகிறது. அதாவது எழுதிய பக்கத்துக்கு எழுதாத பக்கம் சமம்.

2024 ஜூலை முதல் நடைமுறையில் இருக்கும் புதிய குற்ற நடைமுறைச் சட்டத்தில், மூன்று ஆண்டு முதல் ஏழு ஆண்டுக்குள் தண்டனை உள்ள குற்றங்களில், டி.எஸ்.பி. அனுமதியோடு 14 நாள் முதல்கட்ட விசாரணை செய்துகொள்ள இடம் கொடுத்திருக்கிறார்கள். நல்லதற்கா கெட்டதற்கா என்று வக்கீல்கள் சண்டை போட்டுக்கொள்ளட்டும். சதாசிவம் அடைத்த ஜன்னலில் ஒரு கதவைத் திறந்துவைத்திருக்கிறார்கள் என்பது மட்டும் எனக்குத் தெரிகிறது.

நம் தமிழ்நாட்டில் இதற்கென்றே ஒரு தாள் இருக்கிறது. சி.எஸ்.ஆர். சமூகப் பணிப் பதிவேடு என்று பொருள். வழக்காகாத மனுக்களைப் பெற்றுக்கொண்டதற்குக் கொடுக்கும் ரசீது. அதற்கு நியாயமான பயன் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் எஃப்.ஐ.ஆர். கேட்டுப் போனவர்கள் எத்தனை பேர் சி.எஸ்.ஆரோடு திரும்பியிருக்கிறார்கள் என்று இந்தக் கூட்டத்திலேயே கை தூக்கச் சொன்னால் தெரியும். வேண்டாம், முதலில் நான் தூக்குகிறேன்.

லலிதா குமாரி தீர்ப்பு வந்து நான்கைந்து ஆண்டு இருக்கும். இரவு ஒன்பதே கால். பஸ் ஸ்டாப்பில் நின்று போன் பேசிக்கொண்டிருந்தேன். பைக்கில் இரண்டு பேர். பின்னால் இருந்தவன் காதோடு சேர்த்து அறைந்தது போல இருந்தது, கையில் போன் இல்லை. காதில் நகக் கீறல் இருந்தது. காவல் நிலையத்துக்குப் போனேன், எந்த நிலையம் என்பது வேண்டாம். அங்கே புகார் எழுதுகிறவருக்கு ரைட்டர் என்று பெயர். மரியாதையான மனிதர். வாத்தியார் என்றதும் எழுந்து நாற்காலி போட்டார். பையனை அனுப்பி டீ வாங்கிக் கொடுத்தார்.

"மூஞ்சியப் பாத்தீங்களா ஐயா?"

"ஹெல்மெட் போட்டிருந்தான்."

"வண்டி நம்பர்?"

"கவனிக்கல."

"அப்ப யாருன்னு எழுதறது, சொல்லுங்க. எஃப்.ஐ.ஆர். போட்டா நாளைக்குக் கோர்ட்டுக்கு நீங்கதான் அலையணும். இந்த வயசுல எதுக்கு? உங்களுக்கு வேண்டியது அதே நம்பர்ல சிம். அதுக்கு ஒரு ரசீது இருந்தா போதும்."

நான் எழுதிக்கொண்டுபோன தாளில், 'பைக்கில் வந்த இருவர் என் கைப்பேசியைப் பறித்துக்கொண்டு போய்விட்டனர்' என்று இருந்தது. அவர் புதுத் தாள் எடுத்து, அழகான கையெழுத்தில், 'பேருந்து நிறுத்தத்தில் நின்றுகொண்டிருந்தபோது என் கைப்பேசியைத் தவறவிட்டுவிட்டேன்' என்று எழுதினார். ஆயிரக்கணக்கான மாணவர்களின் வாக்கியங்களைத் திருத்தியவன் நான். என் வாக்கியத்தை இவ்வளவு சுத்தமாக யாரும் திருத்தியதில்லை. ஒரே ஒரு வினையை மாற்றினார். பறித்தான் போய்த் தவறவிட்டேன் வந்தது. பைக் போய்விட்டது, ஹெல்மெட் போய்விட்டது, இரண்டு ஆட்களும் போய்விட்டார்கள். அந்த வாக்கியத்தில் மிச்சமிருந்த ஒரே ஆள் நான்தான், குற்றமும் என்னுடையதுதான். ஒரு கீறல் கிடையாது அதில்.

டீயும் ஆறிக்கொண்டிருந்தது. கையெழுத்துப் போட்டேன். பேனாவும் அவருடையதுதான்.

வீட்டுக்கு வந்ததும் மனைவி வாசலிலேயே நின்று, "என்னங்க, எங்க போன்?" என்றாள்.

"தொலைஞ்சுபோச்சு" என்றேன்.

அவள் என் காதைப் பார்த்தாள். "தொலைஞ்சா இங்க ஏன் ரத்தம்?"